பாக்கு கீரையின் வம்சாவளி

காலையிலேயே பினாங்கின் சௌராஸ்தா சந்தைக்குப் போனால் பாக்கு கீரை கட்டுக்கட்டாகக் கிடைக்கும். பினாங்கு என்ற பெயரே மலாயில் வெற்றிலையோடு போடும் பாக்கைக் குறிப்பதுதான். ஆனால் இந்தப் பாக்கு வேறு. பெரணி (ஃபெர்ன்) செடிக்கு மலாயில் 'பாக்கு' என்று பெயர், அதன் இளந்துளிர் 'பூச்சோக் பாக்கு'. எங்கள் வீட்டில் அதோடு கீரையைச் சேர்த்துப் பாக்கு கீரை ஆக்கிவிட்டோம். ரப்பர் தோட்டத்தில் வளர்ந்த என் அம்மாவுக்கு அதைக் காசு கொடுத்து வாங்குவதில் இன்றும் சம்மதம் இல்லை. ஓடை ஓரத்தில் ஒடித்து வந்து, பூண்டும் நெத்திலியும் போட்டு வதக்கிய கை அது.

கட்டைப் பிரித்தால் ஒவ்வொரு துளிரும் யானைக்கன்று துதிக்கையை உள்ளே சுருட்டி வைத்த மாதிரி இருக்கும். வளரும் நுனி மிகவும் மென்மையானது. அதை நடுவில் பொத்தி வைத்துக்கொண்டு, அடியிலிருந்து முற்ற முற்ற இலை மெல்ல விரியும். இந்தச் சுருளைப் பார்த்தாலே பெரும்பாலும் பெரணி என்று சொல்லிவிடலாம்.

பள்ளியில் எங்களுக்குத் தாவரங்களை இரண்டாகப் பிரித்துச் சொல்லிக்கொடுத்தார்கள்: பூக்கும் தாவரம், பூக்காத தாவரம். பெரணி இரண்டாவதில் பாசியோடு சேர்ந்து கிடந்தது. பூ இல்லை, காய் இல்லை, விதை இல்லை என்று மூன்று 'இல்லை'களோடு பாடம் முடிந்துவிடும். அந்த மூன்றும் உண்மைதான். ஆனால் ஒரு செடியை அதனிடம் இல்லாதவற்றால் அடையாளம் சொன்னதால்தான், விஞ்ஞானிகளே நெடுங்காலம் அதன் உறவுமுறையைத் தப்பாக எழுதி வைத்திருந்தார்கள். பெரணி ஏதோ பழங்காலத்தில் தேங்கிப்போன செடி என்ற எண்ணமும் அங்கிருந்துதான் வந்தது. இன்று பினாங்கின் கொடிமலையிலும் நம் தெருமரங்களிலும் வளர்கிற பெரணிகளில் பெரும்பாலானவை பூக்கள் உலகத்துக்கு வந்த பிறகு கிளைத்துப் பெருகிய கூட்டம்.

எங்கள் அடுக்குமாடியில் பக்கத்து வீட்டு அக்கா ஒரு நாள் தொட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தார். "தம்பி, இலைக்குப் பின்னால பாரு, பூச்சி முட்டை வச்சிருக்கு. மருந்து அடிக்கணுமா?" என்றார். இலையின் அடிப்பக்கம் பழுப்பு நிறப் பொட்டுகள் வரிசையாக, யாரோ அளந்து வைத்த மாதிரி இருந்தன. பூச்சிக்கு அவ்வளவு ஒழுங்கு வராது. அவை பெரணியின் வித்துப்பைக் கொத்துகள். அவற்றுக்குள் இருப்பது சிதல்விதை; ஸ்போர் என்றும் சொல்வார்கள். பெரணிகளை இனம்பிரிக்க இந்தப் பொட்டுகள் பெரிய துணை. சிலவற்றில் வட்டம், சிலவற்றில் நீண்ட கோடு, சிலவற்றில் இலை விளிம்பே மடிந்து போர்வையாகும்.

ஒவ்வொரு பொட்டிலும் கண்ணுக்குத் தெரியாத பைகள் நிறைய இருக்கும். பெரும்பாலான பெரணிகளில் ஒரு பைக்கு 64 சிதல்விதைகள். பையின் முதுகில் பன்னிரண்டு பதின்மூன்று செல்கள் வளையமாக நிற்கும். அவற்றின் உட்சுவர் தடித்தது, வெளிச்சுவர் மெல்லியது. வெயில் ஏற ஏற அந்தச் செல்களின் நீர் ஆவியாகி, வளையம் பின்னோக்கி வளையும், பை வாய் திறக்கும். உள்ளே இருக்கும் நீர் இழுவிசை தாங்காமல் ஒரு கட்டத்தில் குமிழாக உடையும். அந்த நொடியில் வளையம் கவண் போலச் சட்டென்று திரும்பி, சிதல்விதைகளை விநாடிக்குச் சுமார் 10 மீட்டர் வேகத்தில் வீசும். நாம் செய்யும் கவண்பொறியில், கல்லை வீசும் அதன் கையைத் தடுத்து நிறுத்த ஒரு குறுக்குக் கட்டை வேண்டும், இல்லாவிட்டால் கல் வெளியே போகாது. பெரணியில் அந்தக் கட்டை கிடையாது. செல்சுவர்களுக்குள் நீர் ஊர்ந்து நகரும் தாமதமே தடுப்பாக நின்று வேலையை முடிக்கிறது. 2012இல் அதிவேகக் கேமரா வைத்து இதை அளந்து காட்டினார்கள். அக்காவிடம் இதைச் சொன்னபோது அவர் அந்த இலையைத் தொடவே யோசித்தார்.

விழுந்த சிதல்விதையிலிருந்து நேராகப் பெரணி முளைக்காது என்பதுதான் இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த இடம். முதலில் வருவது இதய வடிவத்தில், சில மில்லிமீட்டர் அளவில், ஒரே அடுக்குச் செல்கள்கொண்ட பச்சைத் தகடு. அதற்கு உண்மையான வேரும் தண்டும் இலையும் இல்லை. ஆனால் அது தனி உயிர். தன் உணவைத் தானே செய்துகொள்கிறது. அதன் அடிப்பக்கத்தில் ஆண் உறுப்பும் பெண் உறுப்பும் உருவாகும். மழை பெய்து ஒரு மெல்லிய நீர்ப்படலம் கிடைத்தால், ஆணணு சாட்டை போன்ற பல கசைகளைச் சுழற்றிக்கொண்டு முட்டையைத் தேடி நீந்தும். அவை சேர்ந்த பிறகுதான் நாம் பெரணி என்று அழைக்கும் செடி எழும். தாய் ஒரு வடிவம், மகள் வேறு வடிவம், பேத்தி மறுபடி பாட்டியின் வடிவம். பினாங்கின் பழைய சாக்கடைச் சுவர்களில் படிந்திருக்கும் பச்சையைக் குனிந்து பார்த்தால், பாசிகளுக்கு நடுவே இந்தக் குட்டி இதயங்களும் கண்ணில் படும்.

இந்தத் தகடுகள் ஒன்றோடொன்று பேசவும் செய்யும். பல இனங்களில், முந்தி வளர்ந்த தகடு ஒரு வேதிப்பொருளைச் சுற்றிலும் கசியவிடும். அது பட்ட இளைய தகடுகள் ஆணாக வளரும். பக்கத்தில் முட்டை வைத்திருக்கும் ஒருத்தி இருக்கிறாள் என்ற சேதி அப்படிப் போய்ச் சேர்கிறது. விதையில்லாத பெரணி எப்படிப் பெருகுகிறது என்பது ஐரோப்பியருக்கு நூற்றாண்டுகளாகப் புதிராக இருந்தது. கண்ணுக்குத் தெரியாத விதை அதற்கு உண்டு, அதை எடுத்து வைத்துக்கொள்பவனும் மறைந்துவிடுவான் என்றுகூட நம்பினார்கள். 1840களின் கடைசியில்தான் அந்தத் தகட்டில் ஆணும் பெண்ணும் சேர்வது கண்டறியப்பட்டது.

சரி, உறவுமுறைக்கு வருவோம்.

பழைய பாடநூல்கள் 'பெரணிகளும் அவற்றின் உறவினரும்' என்று ஒரு குடும்பப் படம் எடுத்து வைத்திருந்தன. அதில் பெரணியோடு நின்றவை செலாஜினெல்லா, லைகோபோடியம், குதிரைவால், சைலோட்டம். நாம் சோறாக்கும் குதிரைவாலி அரிசிக்கும் இந்தக் குதிரைவாலுக்கும் எந்த உறவும் இல்லை. அது புல், இது கணுக்கணுவாகக் குச்சிபோல் நிற்கும் செடி. உள்ளே நீரைக் கடத்தும் நாளம் உண்டு, ஆனால் விதை இல்லை என்ற ஒரே காரணத்துக்காக இவ்வளவு பேரும் ஒரே படத்தில் நின்றார்கள்.

1992இல் அந்தப் படம் கிழிந்தது. தாவரச் செல்களில் பச்சையத்தைத் தாங்கும் பசுங்கணிகத்தில் தனியாக ஒரு மரபுப் பொருள் (டி.என்.ஏ.) உண்டு. அதில் சுமார் 30,000 எழுத்துகள்கொண்ட ஒரு பகுதி, பெரணியிலிருந்து மா, தென்னை வரை எல்லாவற்றிலும் ஒரே மாதிரி தலைகீழாகத் திரும்பி இருக்கிறது. செலாஜினெல்லா, லைகோபோடியம், ஐசோயீட்டீஸ் ஆகியவற்றில் மட்டும் அது திரும்பவில்லை. பாசிகளில் இருப்பதுபோலப் பழைய திசையிலேயே கிடக்கிறது. அப்படியென்றால் இந்த மூன்றும் 40 கோடி ஆண்டுகளுக்கும் முன்னாலேயே தனிக்குடித்தனம் போய்விட்டவை. அவற்றின் இலையில் ஒற்றை நரம்புதான் ஓடும். செலாஜினெல்லாவின் ஆணணுவுக்கும் லைகோபோடியத்தின் ஆணணுவுக்கும் இரண்டே கசைகள். ஆக, பெரணிக்கு நெருங்கிய சொந்தம் பூக்கும் தாவரமும் மற்ற விதைத் தாவரங்களும்தான். பாக்கு கீரைக்குச் செலாஜினெல்லாவைவிடத் தென்னை நெருக்கம். முதலில் படித்தபோது நான் அந்த வரியை இரண்டு முறை திரும்பப் படித்தேன்.

கொடிமலைப் பாதைகளின் நிழலில் நீலமாக மின்னும் ஒரு செடி உண்டு. மலாய்க்காரர்கள் அதைப் 'பாக்கு மெராக்', மயில் பெரணி என்கிறார்கள். நீலச் சாயம் எதுவும் அதில் இல்லை. இலையின் மேற்பரப்பில் இருக்கும் மிக மெல்லிய படலங்கள் ஒளியைப் பிரித்துக் காட்டும் நிறம் அது. பெயரில் பெரணி, பார்வைக்கும் பெரணி. உண்மையில் அது அந்தத் தனிக்குடித்தனக் கூட்டத்தைச் சேர்ந்த செலாஜினெல்லா. இன்னொரு பக்கம், பூங்கொத்துகளில் செருகும் மெல்லிய பூம்பச்சையையும் பலர் பெரணி என்றே நினைக்கிறார்கள். அது நம் தண்ணீர்விட்டான் கிழங்கின் சொந்தக்காரி, பூக்கிற செடி.

குதிரைவாலுக்கும் சைலோட்டத்துக்கும் நேர் எதிராக நடந்தது. சைலோட்டத்தைப் பினாங்கில் பார்ப்பது கடினமில்லை. பனையின் மட்டை இடுக்கில், பழைய சுவர் விரிசலில், பச்சை ஈர்க்குச்சிக் கொத்துபோல நிற்கும். வேர் கிடையாது, முறையான இலையும் கிடையாது. இதைப் பார்த்த பழைய அறிஞர்கள், 40 கோடி ஆண்டுகளுக்கு முன் முதன்முதலாக நிலத்தில் நின்ற செடிகளின் நேரடி வாரிசு இது என்று எழுதினார்கள். ஸ்காட்லாந்தின் பாறைகளில் கிடைத்த அந்தக் காலத்துப் புதைபடிவங்களும் ஏறக்குறைய இப்படித்தான் இருந்தன. மரபணுவைப் படித்தபோது சைலோட்டம் பெரணிக் குடும்பத்துக்குள்ளேயே வந்து உட்கார்ந்தது. இருந்த வேரையும் இலையையும் அது வழியில் விட்டுவிட்டது. இல்லாததை வைத்து வயது கணக்கிட்டால் இப்படித்தான் ஏமாறுவோம். 2001இல் குதிரைவாலும் பெரணிக் கூட்டத்தோடுதான் சேரும் என்று காட்டினார்கள். இரண்டின் ஆணணுக்களுக்கும் பல கசைகள் இருப்பது முன்பே தெரிந்த துப்புதான்.

சைலோட்டத்தின் நெருங்கிய சொந்தம் ஒன்று நியூ கலிடோனியா தீவில் இருக்கிறது, பெயர் மெசிப்டெரிஸ். கைக்குள் அடங்கும் செடி. 2024இல் அதன் மரபுத்தொகுதியை அளந்தபோது சுமார் 16,000 கோடி எழுத்துகள் வந்தன. மனிதனுடையதைப்போல ஐம்பது மடங்குக்கும் மேல். இதுவரை அளந்த எந்த உயிரிலும் இவ்வளவு பெரியது இல்லை. ஓஃபியோகிளாசம் என்ற இன்னொரு பெரணியில், ஒரே செல்லில் 1,200க்கும் மேற்பட்ட குரோமோசோம்கள்; நமக்கு 46. இவற்றை 'கீழ்நிலைத் தாவரம்' என்று எழுதிய பாடநூல்களை நினைத்தால் எனக்கு வருத்தம்தான் வருகிறது.

2016இல் உலகெங்கும் இருந்து 94 பெரணி ஆய்வாளர்கள் ஒன்றுசேர்ந்து ஒரு பொதுப் பட்டியல் வெளியிட்டார்கள். அதன் கணக்கில் லைகோபைட்டுகள் எனப்படும் தனிக்குடித்தனக் கூட்டம் 1,338 இனங்கள், பெரணிகள் 10,578 இனங்கள். இன்று பலரும் கையில் வைத்திருப்பது அந்த வரிசைதான். ஆனால் அதற்கு முந்தைய உழைப்பில் நம் மண்ணுக்கும் பங்கு உண்டு. சிங்கப்பூர்த் தாவரவியல் தோட்டத்தின் இயக்குநராக இருந்த ஹோல்ட்டம், மலாயாக் காடுகளில் உயிரோடு வளரும் பெரணிகளைப் பார்த்துப் பார்த்து, வித்துப்பைப் பொட்டின் வடிவத்தை மட்டும் வைத்துப் பிரித்த ஐரோப்பிய முறை போதாது என்று சொன்னார். அடித்தண்டு, செதில், இலை கிளைக்கும் விதம் எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்து 1940களில் புதிய வகைப்பாடு எழுதினார். உலர்த்தி அனுப்பிய மாதிரிகளை மட்டும் பார்த்தவர்களுக்கு அது கிடைத்திருக்காது. மலேசியாவில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பெரணி இனங்கள் இருக்கின்றன; அந்தச் செல்வத்தின் நடுவில் உட்கார்ந்து எழுதியவர் அவர்.

காலக்கணக்கில் நிலக்கரியிலிருந்து தொடங்குவது வழக்கம், நானும் அதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சுமார் 36 கோடி முதல் 30 கோடி ஆண்டுகளுக்கு முன், சதுப்புக் காடுகளில் லைகோபைட்டுகள் 30 மீட்டருக்கும் உயர்ந்த மரங்களாக நின்றன. குதிரைவாலின் மூதாதையரும் மரங்கள். ஐரோப்பாவையும் அமெரிக்காவையும் இயந்திர யுகத்துக்குள் தள்ளிய நிலக்கரியில் பெரும்பகுதி அவற்றின் உடல்கள்தான். அந்தப் பெருமரங்களுக்கு இன்று உயிரோடு இருக்கும் மிக நெருங்கிய சொந்தம் ஐசோயீட்டீஸ், வெங்காயத்தாள் மாதிரி குளத்தில் நிற்கும் சிறுசெடி.

அப்புறம் பூக்கள் வந்தன. பூக்கும் மரங்கள் காட்டை மூடியபோது பெரணிகள் ஒடுங்கிப்போயின என்றுதான் நெடுநாள் நம்பினார்கள். 2004இல் மரபணுவையும் புதைபடிவங்களையும் சேர்த்துக் காலம் கணித்தபோது தெரிந்தது வேறு: இன்றைய பெரணிகளில் பத்தில் எட்டு சேர்ந்திருக்கும் கூட்டம், பூக்கும் மரங்களின் நிழலில்தான் கிளைத்துப் பெருகியது. நிழல் அவற்றுக்குப் புது வீடாயிற்று.

அந்த வீட்டில் குடியேறக் கண் வேண்டும். இலைகளுக்கு ஊடாகக் கசிந்து வரும் ஒளியில் நீலம் குறைவு. பல பெரணிகளிடம் 'நியோகுரோம்' என்ற ஒளியுணர்வுப் புரதம் இருக்கிறது. சிவப்பொளியை உணரும் ஒன்றும் நீலஒளியை உணரும் ஒன்றும் ஒட்டிச் சேர்ந்த புரதம் அது. மங்கலான ஒளியிலும் வளைந்து நிமிர அது உதவுகிறது. 2014இல் அதன் வழியைத் தேடியவர்கள், கொம்புப்பாசி என்ற சிறு தாவரத்தின் வம்சத்தில் போய் நின்றார்கள். சுமார் 18 கோடி ஆண்டுகளுக்கு முன் அந்த மரபணு பாசியிலிருந்து பெரணிக்குத் தாவியிருக்கிறது. தாய்வழியும் இல்லை, தந்தைவழியும் இல்லை, பக்கத்து வீட்டுச் சீதனம்.

பேரழிவுக்குப் பின்னாலும் முதலில் வருவது பெரணிதான். 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் விண்கல் விழுந்து டைனோசர்கள் மறைந்த அடுக்குக்கு மேலே, பல இடங்களில் பெரணிச் சிதல்விதைகள் திடீரென்று குவிந்து கிடக்கின்றன. காற்றில் வரும் தூசிக்குக் கடலும் தடை இல்லை. 1883இல் இந்தோனேசியாவின் கிராக்கத்தோவா எரிமலைத் தீவு வெடித்துச் சாம்பலான பிறகும் அங்கே முதலில் தலைகாட்டியவற்றில் பெரணிகள் முக்கியமானவை. அதன் சிறிய வடிவத்தை நம் மலைச்சாலைகளிலேயே பார்க்கலாம். மண் சரிந்து செம்மண் தெரியும் சரிவில், இரண்டிரண்டாகக் கிளைத்துக்கொண்டு ஒரு பெரணி புதராக ஏறிவிடும். மலாயில் அதற்கு 'ரெசாம்' என்று பெயர். சத்தில்லாத மண்ணிலும் அது பிடித்துக்கொள்ளும். அதன் காம்பைச் சீவி, மலாயை அரபு வடிவில் எழுதும் ஜாவி எழுத்துக்குப் பேனாவாகவும் பயன்படுத்தினார்கள்.

தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலைக்கு நடக்கிறவர்களிடம் நான் எப்போதும் சொல்வது: கொஞ்சம் தலையை நிமிர்த்துங்கள். பழைய தூங்குமூஞ்சி மரங்களின் கிளைமேல் ஒரு முழு ஊரே இருக்கிறது. கிளையோடு ஒட்டி ஓடும், சில்லறைக் காசைப் பரப்பிய மாதிரி உருண்டையான தடித்த இலைகள் 'டுயிட் டுயிட்'. மலாயில் அதற்குக் காசு காசு என்றே பொருள். கிளைமேல் மண் இல்லை, வெயிலோ சுடும். அதனால் இந்தப் பெரணி பகலில் இலைத்துளைகளை மூடிவிட்டு, இரவில் திறந்து காற்றை வாங்கி வைத்துக்கொள்ளும். கள்ளிச்செடியும் அன்னாசியும் செய்கிற வித்தை. கூடைபோல அகன்று நிற்பது பறவைக்கூட்டுப் பெரணி. லங்சுயார் என்ற பெண்பேய் அதில் தங்கும் என்பது பழைய மலாய் நம்பிக்கை. பேய் தங்குகிறதோ இல்லையோ, உயிர்கள் தங்குகின்றன. உதிரும் சருகை அந்தக் கூடை பிடித்து மட்கவைத்துத் தன் மண்ணைத் தானே செய்துகொள்கிறது. சபாவின் காடுகளில் இப்படிப்பட்ட பெரணிகளைப் பிரித்து உள்ளே இருக்கும் பூச்சிகளை எண்ணிய ஆய்வு ஒன்று 2004இல் வந்தது. காட்டின் மேற்கூரையில் வாழும் சிற்றுயிர்களின் மொத்த எடையைப் பற்றிய கணிப்பையே அது இரட்டிப்பாக்கியது.

இவை மரத்தின் ரத்தத்தை உறிஞ்சும் ஒட்டுண்ணிகள் என்று சொல்லி வெட்டி எறிகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். மனசு கேட்காது. புல்லுருவி உறிஞ்சும், பெரணி கிளையில் உட்கார மட்டும்தான் செய்கிறது.

அதே கிளைகளில் பழுப்பு இலைகளைக் கேடயம்போல அடியில் பரப்பி, பச்சை இலைகளை மேலே நீட்டும் இன்னொன்றும் உண்டு. அந்தப் பழுப்பு இலைகள் செத்தவை போலத் தோன்றும். சருகு பிடிக்கும் வலை அவை. அதன் அடித்தண்டு ரோமம் போர்த்திய ஆட்டுக்கால் மாதிரி கிளையைக் கட்டிக்கொண்டிருக்கும். தமிழ்நாட்டுச் சொந்தக்காரர்கள் யாராவது கொல்லிமலை போய்வந்திருந்தால் உடனே கண்டுபிடித்துவிடுவார்கள். சூப்பு வைப்பதற்கு அங்கே கூறுகட்டி விற்கும் முடவாட்டுக்கால் கிழங்கு இதுதான். கிழங்கு என்று பெயர், ஆனால் பெரணியின் தண்டு.

நம் சமையலறைக்கும் தொழுவத்துக்கும் பெரணி இப்படித்தான் வேறு பெயரில் வந்திருக்கிறது. நாலு இலை விரித்து வயல் ஓரத்தில் மிதக்கும் ஆரைக்கீரை பெரணி. ஊரில் நெல்வயலுக்கு உரமாகவும் மாட்டுக்குத் தீவனமாகவும் வளர்க்கும் அசோலாவும் பெரணி. அசோலாவின் இலைக்குள் ஒரு நுண்ணுயிர் குடியிருந்து காற்றின் நைட்ரஜனைப் பிடித்துக் கொடுக்கிறது. அந்த நுண்ணுயிரைப் புதிதாகத் தேடிப் பிடிக்க வேண்டியதில்லை. அசோலா அதைத் தலைமுறை தலைமுறையாகத் தன் சிதல்விதையோடு சேர்த்தே அனுப்புகிறது. ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்: சுருள் துளிர் எல்லாம் பாக்கு கீரை இல்லை. பிராக்கன் என்ற பெரணியில் புற்றுநோய் உண்டாக்கும் பொருள் இருக்கிறது. ஜார்ஜ்டவுனின் பழைய கடைவீடுகளில் சுண்ணாம்புச் சுவரிலிருந்து எட்டிப் பார்க்கும் ஒன்று, மண்ணில் இருக்கும் ஆர்செனிக்கை உறிஞ்சி இலையில் சேர்த்து வைக்கக்கூடியது. ஒரு கிலோ உலர்ந்த இலையில் 20 கிராமுக்கும் மேல் சேரும் என்று 2001இல் கண்டுபிடித்தார்கள். நஞ்சேறிய நிலத்தைச் சுத்தம் செய்ய அதை நட்டுப் பார்க்கிறார்கள். வாய்க்குப் போவது சந்தையில் தெரிந்தவரிடம் வாங்கியதாக இருக்கட்டும், நன்றாக வதக்கியதாகவும் இருக்கட்டும்.

பக்கத்து வீட்டு அக்கா கடைசியில் மருந்து அடிக்கவில்லை. பொட்டுகள் நன்றாகப் பழுத்த ஓர் இலைத்துண்டை வெட்டி, வெள்ளைத்தாளின் மேல் பொட்டு கீழே இருக்கும்படி வைத்து, அதன்மேல் இன்னொரு தாளைப் போட்டு மூடி வைக்கச் சொன்னேன். காற்றாடியை அணைத்துவிடச் சொன்னேன். மறுநாள் விடிகாலையில் கதவைத் தட்டினார். இலையைத் தூக்கியதும் தாளில் பழுப்புப் பொடியால் வரைந்த மாதிரி அந்த இலை அப்படியே இருந்தது, பொட்டுக்குப் பொட்டு. மூச்சு படாமல் அதை ஈரமான பழைய செங்கல் ஒன்றின்மேல் தட்டி, பிளாஸ்டிக் டப்பாவில் மூடி, அவர் சமையலறைச் சன்னல் ஓரத்தில் வைத்திருக்கிறோம். மூன்றாவது வாரம் செங்கல் லேசாகப் பச்சை கட்டியிருக்கிறது.